ரகசியம் தெரிந்த பிறகும்

1960 ஜூனில் 'சைக்கோ' நியூயார்க்கில் வெளியானபோது ஹிட்ச்காக் திரையரங்குகளுக்கு ஒரு நிபந்தனை போட்டார்: படம் தொடங்கிவிட்டால் யாரையும் உள்ளே விடக் கூடாது. நாயகி என்று எல்லோரும் நம்பிய ஜேனட் லீ, முக்கால் மணி நேரம் கடந்ததும் கொலையாகிவிடுகிறார். தாமதமாக வருகிறவர் அவரைத் தேடிக்கொண்டே உட்கார்ந்திருப்பார். இன்று அந்தக் கட்டுப்பாட்டுக்கு வேலையே இல்லை. கொலை எங்கே நடக்கிறது, செய்தது யார், அந்த வீட்டு மாடியில் இருக்கும் அம்மா யார் என்பதெல்லாம் படத்தைப் பார்க்காதவர்களுக்கும் தெரியும். முடிச்சு அவிழ்ந்துபோன ஒரு மர்மப் படம் அறுபது ஆண்டுகளுக்கு மேல் எப்படித் தாக்குப்பிடிக்கிறது? சைக்கோ பற்றிய எழுத்துகள் ஒரு சிறு நூலகம் அளவுக்குச் சேர்ந்துவிட்டன. அவற்றிடம் நான் கேட்க விரும்புவது இந்த ஒரு கேள்வியைத்தான்.

முதலில் எழுதியவர்களுக்குப் படம் பிடிக்கவில்லை. நியூயார்க் டைம்ஸின் பாஸ்லி க்ரௌதர் அதை மலிவான சரக்காகவே பார்த்தார். ஆனால் ஆண்டு முடிவில் தன் சிறந்த பத்துப் படங்களில் அதையும் சேர்த்துக்கொண்டார். லண்டனில் சி. ஏ. லெஜூன் பாதியிலேயே எழுந்து போனார். திருப்பம் ராபின் வுட் என்ற இளம் ஆங்கிலேயரால் வந்தது. 'சைட் அண்ட் சவுண்ட்' இதழ் திருப்பி அனுப்பிய அவருடைய கட்டுரையைப் பாரிஸின் 'காயே து சினிமா' வெளியிட்டது. 1965இல் வந்த அவருடைய நூலில் அந்த வாதம் விரிந்தது. பணத்தைத் திருடிக்கொண்டு ஓடும் மேரியனும் (ஜேனட் லீ) விடுதி நடத்தும் நார்மனும் வேறு வேறு உலகத்து ஆட்கள் அல்லர், ஒரே சரிவின் இரண்டு படிகளில் நிற்பவர்கள். பார்க்கிற நாமும் அந்தச் சரிவில்தான் இறங்குகிறோம் என்றார் வுட். சைக்கோவைத் தீவிரமாக எடுத்துக்கொள்ளச் சொல்லிக்கொடுத்தவர் அவரே.

அடுத்த ஆண்டு வெளியான, இயக்குநர் த்ரூஃபோ ஹிட்ச்காக்குடன் நடத்திய உரையாடல்களின் நூல் வேறு பாதையைத் திறந்தது. கதையும் நடிப்பும் தனக்குப் பொருட்டல்ல, படத்துண்டுகளும் ஒளிப்பதிவும் ஒலியும் சேர்ந்து கூட்டத்தை அலறவைத்ததே தனக்கு நிறைவு என்று ஹிட்ச்காக் அதில் சொல்கிறார். ஆய்வுலகம் இந்த வார்த்தையை வேதமாக எடுத்துக்கொண்டதாகவே எனக்குப் படுகிறது. ஒரு நிமிடம்கூட ஓடாத குளியலறைக் கொலைக்கு ஒரு வாரப் படப்பிடிப்பு, ரத்தத்துக்குச் சாக்லேட் சிரப், ஹிட்ச்காக் இசையே வேண்டாம் என்றிருந்த இடத்தில் பெர்னார்ட் ஹெர்மன் கொண்டுவந்து வைத்த வயலின் கீறல்கள் என எல்லாம் எண்ணி எடுத்து எழுதப்பட்டுவிட்டன. ஸ்டீஃபன் ரெபெல்லோவின் 1990ஆம் ஆண்டு நூல் இந்தத் தயாரிப்பு வரலாற்றுக்கு இன்றும் நம்பகமான துணை. 2017இல் அந்த ஒரு காட்சிக்கென்றே முழு நீள ஆவணப்படம் வந்தது. கரோல் க்ளோவர் கத்திக்கொலைப் படங்களின் மூதாதை சைக்கோ என்று நிறுவினார். அந்த வீட்டின் மூன்று தளங்களுக்கு ஃப்ராய்டின் மனப்பிரிவுகளைப் பொருத்திக் காட்டினார் ஸ்லாவோய் ஜிஜெக். அழகான பொருத்தம்தான், ஆனால் ஒருமுறை கேட்டபின் அது மேற்கொண்டு எதையும் திறப்பதில்லை.

கொலை நடந்து முடிந்ததும் வருகிற பத்து நிமிடங்களுக்கு நான் திரும்பத் திரும்பப் போகிறேன். ஏறக்குறையப் பேச்சே கிடையாது. நார்மன் ஓடிவருகிறான், கதவருகே சுவரில் முதுகு மோத நின்று வாயைப் பொத்திக்கொள்கிறான். பிறகு வாளியும் மாப்பும் எடுத்து வந்து தொட்டியையும் தரையையும் கழுவுகிறான், உடலைக் குளியலறைத் திரையில் சுருட்டி டிக்கியில் ஏற்றுகிறான். 40,000 டாலர் பொதிந்திருக்கும் செய்தித்தாளையும், இன்னதென்று தெரியாமலே, கூடவே வீசுகிறான். காரைச் சதுப்பில் தள்ளிவிட்டு எதையோ கொறித்துக்கொண்டு நிற்கிறான். கார் பாதியில் நின்றுவிடுகிறது. வாய் அசைவது நிற்கிறது, கண் அக்கம்பக்கம் பார்க்கிறது. அந்தக் கணம், சற்று முன்பு செத்தவளுக்காகத் துடித்த நாமும் கார் மூழ்கவேண்டுமே என்று தவிக்கிறோம்.

முதல்முறை பார்க்கும்போது இது அம்மாவைக் காப்பாற்றும் மகனின் கதை. முடிவு தெரிந்து பார்த்தால் நார்மன் நம்மை ஏமாற்றியிருக்கவேண்டும். அப்படி ஒரு இடமும் அகப்படுவதில்லை. சுவரில் மோதி நிற்பவனின் அதிர்ச்சி இரண்டு தடவையும் உண்மையானது, ஏனென்றால் கொன்றது தானே என்று அவனுக்குத் தெரியாது. நார்மனாக நடித்த ஆன்டனி பெர்கின்ஸ் ஓரக்கண்ணால்கூட ரகசியத்தைக் காட்டிக்கொடுக்கவில்லை. குளியலறைக் கொலை படமாக்கப்பட்டபோது அவர் நியூயார்க்கில் நாடக ஒத்திகையில் இருந்தார். திரைக்குப் பின்னால் கத்தியோடு நிற்கும் நிழல் வேறொருவருடையது. அந்த நிமிடத்தில் நார்மன் உண்மையாகவே அங்கே இல்லை.

ராபர்ட் ப்ளாக்கின் 1959ஆம் ஆண்டு நாவலில் நார்மன் நடுவயதைத் தொட்ட, உடல் பருத்த குடிகாரன். அவனிடம் பரிவு கொள்வது கடினம். திரைக்கதை எழுதிய ஜோசஃப் ஸ்டெஃபானோவும் ஹிட்ச்காக்கும் அவனை ஒல்லியான, கூச்ச சுபாவமுள்ள இளைஞனாக்கினார்கள். இந்த முடிவு, குளியலறைக் கொலையில் எத்தனை வெட்டுகள் என்ற கணக்கைவிடப் படத்துக்கு முக்கியமானது என்பது என் கருத்து. அறையைச் சுற்றிக்காட்டும்போது குளியலறை என்ற சொல்லைச் சொல்லத் திக்குகிறான், மேரியன்தான் எடுத்துக்கொடுக்கிறாள். பாடம் செய்த பறவைகளுக்கு நடுவே அவளுக்குச் சாண்ட்விச் தருகிறான், அவரவர் பொறியில் அவரவர் மாட்டிக்கிடப்பதைப் பற்றிப் பேசுகிறான். அந்தப் பேச்சு மேரியனின் மனத்தை மாற்றி, பணத்தைத் திருப்பிக்கொடுக்கத் தூண்டுகிறது. அவளுக்கு அந்த இரவில் கிடைத்த ஒரே நல்ல வார்த்தை கொலைகாரனிடமிருந்து வந்தது.

டேவிட் தாம்சன் 2009இல் எழுதிய நூலில், கொலைக்குப் பிறகு படம் இறங்குமுகம் என்கிறார். மேரியனின் தங்கையும் காதலனும் வரும் காட்சிகளைப் பொறுத்தவரை மறுக்க முடியாது. கடைசியில் வந்து விளக்கவுரை ஆற்றும் மனநல மருத்துவரின் பேச்சில் பெரும்பகுதியை வெட்டியிருக்கலாம் என்று ரோஜர் ஈபர்ட் சொன்னதும் சரியே. ஆனால் துப்பறிவாளர் ஆர்போகாஸ்ட் நார்மனை விசாரிக்கும் காட்சியை எளிதில் கடந்துவிட எனக்கு மனம் வரவில்லை. பதிவேட்டைப் பார்க்க நார்மன் குனிகிறான், கேமரா தாழ்ந்து அவன் தொண்டையைக் கீழிருந்து பார்க்கிறது. மென்றுகொண்டே நீள்கிற அந்தக் கழுத்தில் ஒரு பறவை தெரிகிறது.

தமிழில் சைக்கோவின் பாதிப்பில் வந்த பாலு மகேந்திராவின் 'மூடுபனி' (1980) படத்தைத் தாங்குவது ரகசியம் அல்ல, மனிதன் என்பதற்கு நல்ல சாட்சி. கொலைகாரன் யார் என்பதை அவர் ஒளித்துவைக்கவே இல்லை. ரகசியத்தை விட்டுவிட்டு மனிதனை மட்டும் எடுத்துக்கொண்டார். பிரதாப் போத்தனின் தடுமாறும் மென்மையில் படம் நிற்கிறது.

எதிர்ச்சாட்சி கஸ் வான் சாண்ட். 1998இல் அவர் சைக்கோவை ஏறக்குறைய ஷாட்டுக்கு ஷாட் வண்ணத்தில் மறுபடி எடுத்தார். அதே வசனம், அதே ஹெர்மன் இசை, ஏறத்தாழ அதே கோணங்கள். நார்மனாக வின்ஸ் வான். ஹிட்ச்காக் த்ரூஃபோவிடம் சொன்னபடி படத்துண்டுகளும் ஒலியுமே எல்லாம் என்றால் அந்தப் படமும் நம்மை உலுக்கியிருக்கவேண்டும். சதுப்பில் கார் நிற்கும் இடத்தில் எனக்கு மூச்சு நிற்கவில்லை. சைக்கோ ஆய்வுகளில் பெர்கின்ஸுக்கு இன்னும் நிறையப் பக்கங்கள் பாக்கியிருக்கின்றன.