அழித்துப் போட்டால் சரியாகிவிடுமா?

பழைய ஸ்ட்ராடஜி கேம் ஒன்று தகராறு செய்கிறது என்று யாரிடம் சொன்னாலும், "அழிச்சுட்டு மறுபடி இன்ஸ்டால் பண்ணிப் பாரு" என்பதுதான் முதல் பதில். திரை கறுத்து நின்றாலும் அதுதான், நிறம் மாறித் தெரிந்தாலும் அதுதான், நண்பர்களோடு சேர்ந்து ஆட முடியாமல் போனாலும் அதுதான். இருபது இருபத்தைந்து வயதாகிவிட்ட விளையாட்டுகளுக்கு இந்த வைத்தியம் எந்த அளவு பொருந்தும் என்று நிதானமாக யோசிப்பவர்கள் குறைவு. என் கணிப்பைச் சொல்லிவிடுகிறேன்: ரீஇன்ஸ்டால் பெரும்பாலும் கெட்ட இடத்தைத் தொடுவதில்லை. நன்றாக இருக்கும் இடத்தைத்தான் துடைத்துப்போடுகிறது.

'ஏஜ் ஆஃப் எம்பயர்ஸ் 2' 1999இல் வந்தது. அடுத்த ஆண்டு அதன் விரிவாக்கமான 'தி கான்கரர்ஸ்' வந்தது. விண்டோஸ் விஸ்டாவிலும் விண்டோஸ் 7இலும் இதை ஓட்டியவர்கள் பலருக்குப் புல்வெளி சிவந்தும் தண்ணீர் ஊதாவாகவும் தெரிந்தது. ஃபைல் கெட்டுவிட்டது என்று நினைத்து எத்தனையோ பேர் கேமை அழித்து, சிடியைத் தேடியெடுத்து, மறுபடி போட்டார்கள். புல் சிவப்பாகவே இருந்தது. இந்த கேம் 256 நிறங்களை மட்டும் வைத்துக்கொண்டு வரைகிறது. எந்த எண்ணுக்கு எந்த நிறம் என்று ஒரு பட்டியலை விண்டோஸிடம் கொடுத்துவிட்டு, பிறகு எண்களாலேயே படத்தை நிரப்புகிறது. பின்னால் ஓடிக்கொண்டிருக்கும் எக்ஸ்ப்ளோரர் அதே பட்டியலில் தன்னுடைய நிறங்களை எழுதிவிட்டால் புல்லுக்கு உரிய எண் சிவப்பைக் காட்டும். கேமின் ஃபைல்களில் ஒரு எழுத்துகூடக் கெடவில்லை. டாஸ்க் மேனேஜரில் எக்ஸ்ப்ளோரரை நிறுத்திவிட்டு ஆடியவர்களுக்கு நிறம் திரும்பியது. திரை அளவை மாற்றும் ஜன்னலைத் திறந்து வைத்துவிட்டு கேமைத் தொடங்கியவர்களுக்கும் திரும்பியது. மூட்டைப்பூச்சிக்காக வீட்டைக் கொளுத்தாதே என்பார்கள். இங்கே பூச்சி இருந்ததே வேறு வீட்டில்.

கோளாறு எங்கே குடியிருக்கிறது என்ற கேள்வியை விஸ்டா இன்னொரு விதத்திலும் சிக்கலாக்கியது. அதற்கு முந்தைய விளையாட்டுகள் தங்கள் சேவ், செட்டிங்ஸ் எல்லாவற்றையும் புரோகிராம் ஃபைல்ஸில் இருக்கும் தங்கள் ஃபோல்டருக்குள்ளேயே எழுதிக்கொண்டன. பாதுகாப்புக்காக விஸ்டா அந்த இடத்தைப் பூட்டியது. பூட்டினால் பழைய கேம்கள் நின்றுபோகும் என்பதால் ஒரு மாற்று வழியும் செய்து வைத்தது. கேம் எழுத முயலும்போது அந்த ஃபைலைச் சத்தமில்லாமல் பயனரின் ஆப்டேட்டாவுக்குள் 'விர்ச்சுவல்ஸ்டோர்' என்ற ஃபோல்டருக்குத் திருப்பிவிடும். எழுதியது தன் வீட்டில்தான் என்று கேம் நம்பும். அன்இன்ஸ்டால் செய்யும்போது கேமின் ஃபோல்டர் காலியாகிறது, விர்ச்சுவல்ஸ்டோரில் இருப்பது அப்படியே கிடக்கிறது. மறுபடி போட்டதும் கேம் அதே பழைய, பழுதான செட்டிங்ஸைத் தேடிப்பிடித்துப் படிக்கிறது. "புதிதாகப் போட்டும் அதே பிரச்சினை" என்று சலித்துக்கொள்பவர்களில் பலர் உண்மையில் புதிதாக எதையும் போடவில்லை. ரெஜிஸ்ட்ரியில் எழுதி வைக்கும் கேம்களுக்கும் இதே கதிதான்.

2003இல் வந்த 'கமாண்ட் அண்ட் காங்கர்: ஜெனரல்ஸ்' இதைவிடத் தெளிவான சாட்சி. இன்றைய விண்டோஸில் அது திறந்த சில நொடிகளில் தொழில்நுட்பக் கோளாறு என்று ஒரு செய்தியைக் காட்டிவிட்டு மூடிக்கொள்ளும். டாக்குமெண்ட்ஸில் அந்த கேமுக்கென்று இருக்கும் ஃபோல்டரில் 'ஆப்ஷன்ஸ்.ஐஎன்ஐ' என்ற சிறு ஃபைல் இல்லாமல் போவதே பெரும்பாலும் காரணம். கேம் தானே உண்டாக்க வேண்டிய அந்த ஃபைலை இப்போது உண்டாக்கத் தவறுகிறது. நோட்பேடில் சில வரிகள் எழுதி அந்தப் பெயரில் சேமித்தால் கேம் ஓடுகிறது. முழுதாக அழித்துப் போட்டால் அந்த ஃபைல் வந்துவிடுமா? வராது. அதன் விரிவாக்கமான 'ஜீரோ ஹவர்' கதை இன்னும் மோசம். அதன் ஃபோல்டரில் 'டிபிஜிஹெல்ப்.டிஎல்எல்' என்று ஒரு பழைய ஃபைல் உண்டு. புதிய விண்டோஸோடு ஒத்துப்போகாத அதை நீக்கினாலோ பெயர் மாற்றினாலோ கேம் விழுவது நிற்கிறது என்பது அனுபவசாலிகளுக்குத் தெரியும். ரீஇன்ஸ்டால் அதைப் பத்திரமாகத் திரும்பக் கொண்டுவந்து வைக்கிறது. சரியாகிவிட்ட கேமை மறுபடி நோயாளியாக்கும் சிகிச்சை இது.

புதிதாகப் போட்ட கேமே ஆரோக்கியமான கேம் என்ற நம்பிக்கையில்தான் இந்த வழக்கம் நிற்கிறது. 2003இல் அது உண்மை. இன்று சிடியிலிருந்து நேராக இறங்கிய கேமுக்குப் பேட்ச் இல்லை, அகலத்திரை தெரியாது, புதிய கிராஃபிக்ஸ் கார்டோடு பேசத் தெரியாது. அதை ஓடவைத்தவை எல்லாம் பிறகு வந்தவை: 'கான்கரர்ஸ்' 1.0சி பேட்ச், ரசிகர்கள் செய்த யூசர்பேட்ச், பழைய வரைகலைக் கட்டளைகளை இன்றைய கார்டுக்குப் புரியும்படி மாற்றித்தரும் சிஎன்சி-டிடிரா போன்ற சின்னஞ்சிறு ஃபைல்கள். சம்பளம் வாங்காமல், விளையாட்டின் மேல் உள்ள பிரியத்தால் ஆண்டுக்கணக்கில் உழைத்தவர்களின் வேலை அது. 'சுத்தமான இன்ஸ்டால்' என்று ஃபோல்டரையே அழிக்கும்போது முதலில் போவது அதுதான்.

சிடி உங்களை வெளியீட்டு நாளுக்குக் கொண்டுபோகும். ஆன்லைன் கடை இன்றைய நாளுக்குக் கொண்டுவரும். கேம் கடைசியாக நன்றாக ஓடிய நாளுக்கு இரண்டும் கொண்டுபோகாது. 2020 ஜனவரியில் 'வார்கிராஃப்ட் 3: ரீஃபோர்ஜ்ட்' வந்தபோது பழைய 'வார்கிராஃப்ட் 3' வைத்திருந்தவர்கள் இதை அனுபவித்தார்கள். புதிதாக டவுன்லோடு செய்தவர்களுக்குக் கிடைத்தது புதிய கிளையண்ட்தான். சிறு கோளாறுக்காகப் பழையதை அழித்தவர் ஒரு விளையாட்டையே மாற்றிக்கொண்டவர் ஆனார்.

சிலவற்றை அழித்தால் திரும்பப் போடவே முடியாது. தொண்ணூறுகளின் நடுவில் வந்த பல கேம்கள் 32-பிட்டாக இருந்தும் அவற்றின் இன்ஸ்டாலர் மட்டும் 16-பிட்டில் எழுதப்பட்டிருந்தது. 1996இல் வந்த 'ரெட் அலர்ட்' அப்படிப்பட்டது. 64-பிட் விண்டோஸ் அந்த இன்ஸ்டாலரைத் திறக்காது. பழைய கணினியிலிருந்து நகலெடுத்து வந்த ஃபோல்டர் ஓடிக்கொண்டிருக்கும், அதை அழித்தபின் கையில் இருக்கும் சிடி எதற்கும் உதவாது. அந்தக் காலத்துப் பல சிடிகளில் இருந்த சேஃப்டிஸ்க் என்ற நகல் தடுப்பு முறையை, பாதுகாப்பு ஓட்டை காரணமாக விண்டோஸ் 10 ஏற்க மறுத்தது. 2015 செப்டம்பரில் வந்த ஓர் அப்டேட் விஸ்டா, 7, 8 ஆகியவற்றிலும் அதை முடக்கியது. அத்தகைய சிடியை நூறு முறை போட்டாலும் இன்ஸ்டால் முழுதாக முடியும், கேம் திறக்காது.

ஆடுபவரின் உழைப்பும் கேம் ஃபோல்டருக்குள்ளேயேதான் இருக்கிறது. 'ஏஜ் ஆஃப் எம்பயர்ஸ் 2'இன் சினாரியோ எடிட்டரில் பள்ளி நாட்களில் கட்டிய கோட்டைகளும் போர்க்களங்களும் அங்கேதான் கிடக்கின்றன. பதிவு செய்து வைத்த ஆட்டங்கள் இன்னும் நொய்மையானவை. அவை வீடியோ அல்ல. யார் எப்போது என்ன கட்டளை இட்டார் என்ற குறிப்பு மட்டுமே. கேம் அந்தக் கட்டளைகளை முதலிலிருந்து மறுபடி ஆடிக்காட்டுகிறது. அதனால் பதிவு செய்த அதே பதிப்பு இருந்தால்தான் ஆட்டம் சரியாக விரியும். ஃபைலைக் காப்பாற்றிவிட்டுப் பதிப்பைத் தொலைத்தாலும் நட்டம்தான்.

இவ்வளவு சொல்லிவிட்டு ரீஇன்ஸ்டால் வீண் என்று முடித்தால் அது நேர்மையாகாது. மோட் மேல் மோட் போட்டு எது எதை மாற்றியது என்று பிரிக்க முடியாதபடி சிக்கிவிட்ட கேமுக்கு அதைவிட நல்ல வழி இல்லை. ஹார்ட் டிஸ்க் பழுதாகி ஃபைல்கள் உடைந்திருந்தாலும் அப்படியே. ஜிஓஜி போன்ற கடைகள் பழைய கேம்களை இன்றைய விண்டோஸுக்கு ஏற்பத் திருத்திக் கொடுப்பதால், சிடியை விட்டு அங்கிருந்து வாங்கிப் போடுவது பல நேரம் மெய்யான தீர்வாகிறது. கோளாறைத் தேடும் அறிவு எதுவும் தேவைப்படாதது இதன் பெரிய பலம். ரெஜிஸ்ட்ரி என்றால் என்னவென்று தெரியாத ஒருவரும் செய்யக்கூடிய ஒரே காரியம் அது. தொழில்நுட்பம் தெரிந்தவர்கள் இதை எள்ளி ஒதுக்குவது எனக்கு உடன்பாடில்லை.

ஆனால் அந்தப் பலத்துக்குள்ளேயே ஒரு பலவீனம் இருக்கிறது. ஒரே நேரத்தில் எல்லாவற்றையும் மாற்றிவிடுவதால், சரியானாலும் எதனால் சரியானது என்று தெரியாது. அடுத்த விண்டோஸ் அப்டேட்டில் அதே கோளாறு வந்தால் மறுபடி அதே மணிநேரங்கள். செட்டிங்ஸை மட்டும் பழைய நிலைக்குக் கொண்டுவரும் ரீசெட் இந்த இடத்தில்தான் மேலானது. 'சிவிலைசேஷன் 4'ஐத் திறக்கும்போது ஷிஃப்ட் விசையை அழுத்திக்கொண்டிருந்தால் அது தன் கேஷைத் துடைத்துப் புதிதாகக் கட்டிக்கொள்ளும். 'சிவிலைசேஷன் 5'இல் டாக்குமெண்ட்ஸுக்குள் இருக்கும் கேஷ் ஃபோல்டரை நீக்கினால் போதும். 2019இல் வந்த 'ஏஜ் ஆஃப் எம்பயர்ஸ் 2: டெஃபினிட்டிவ் எடிஷன்' தன் புரொஃபைலைப் பயனர் ஃபோல்டரில் 'கேம்ஸ்' என்பதன் கீழ் வைத்திருக்கிறது. அதற்குப் பெயர் மாற்றிவிட்டுத் திறந்தால் கேம் புதிதாக ஒன்றை உண்டாக்கிக்கொள்ளும். கோளாறு போய்விட்டால் காரணம் அங்கே இருந்தது என்று தெளிவு. போகவில்லையென்றால் பழைய பெயரைத் திருப்பிக் கொடுத்துவிடலாம், எதுவும் தொலையவில்லை. க்ளவுட் சேமிப்பை மட்டும் கவனிக்க வேண்டும். ஸ்டீம் க்ளவுடில் அந்த ஃபைல்களும் ஏறியிருந்தால், நீங்கள் நீக்கிய பழுதான ஃபைலை அது அக்கறையாகத் திரும்ப இறக்கி வைத்துவிடும். ரீசெட் செய்யும் முன் அதை அணைத்து வையுங்கள்.

ஆன்லைன் ஆட்டம் பற்றி நீட்ட ஒன்றுமில்லை. 2014 மே 31 அன்று கேம்ஸ்பை தன் சர்வர்களை மூடியபோது 'ஜெனரல்ஸ்' உட்படப் பல விளையாட்டுகளின் இணைய வாசல் அடைபட்டது. ஆடுபவரின் கணினியில் எதை மாற்றினாலும் அது திறக்காது. ரசிகர்கள் நடத்தும் சர்வர்களே இன்று வழி.

'புதிய பதிப்பை வாங்கிவிடு' என்ற யோசனையும் உண்டு. அதை நான் குறைத்துப் பேசமாட்டேன். 'டெஃபினிட்டிவ் எடிஷனு'க்கு 2022இல் வந்த 'டைனஸ்டீஸ் ஆஃப் இந்தியா' விரிவாக்கத்தில் திராவிடர் தனி நாகரிகமாக இடம்பெற்றார்கள், இராசேந்திர சோழனின் படையெடுப்புகளை ஆடலாம். தமிழ் வாசகருக்கு அது சிறிய ஈர்ப்பு அல்ல. ஆனாலும் பழைய கேமோடு வளர்ந்தவருக்குத் தேவை அந்தப் பழைய கேம்தான், அதன் வேகமும் அதன் முகமும்தான்.

எனவே வரிசையை மாற்றச் சொல்கிறேன். முதலில் கேமின் ஃபோல்டரையும் டாக்குமெண்ட்ஸில் உள்ளதையும் விர்ச்சுவல்ஸ்டோரில் உள்ளதையும் நகலெடுங்கள். அடுத்து செட்டிங்ஸ் ஃபோல்டரின் பெயரை மாற்றிப் பாருங்கள். ஸ்டீமில் இருந்தால் ஃபைல்களைச் சரிபார்க்கும் வசதியை ஓட்டுங்கள். சிடி கீ கையில் இருக்கிறதா, இன்ஸ்டாலர் இந்த விண்டோஸில் திறக்கிறதா என்று உறுதிசெய்த பிறகே அன்இன்ஸ்டால். கேம் வெளியிடும் நிறுவனங்களிடம் ஒரு கோரிக்கையும் உண்டு. 2025 பிப்ரவரியில் 'ஜெனரல்ஸ்', 'ஜீரோ ஹவர்' உள்ளிட்ட விளையாட்டுகளின் மூலநிரலை எலெக்ட்ரானிக் ஆர்ட்ஸ் பொதுவில் திறந்துவிட்டது. 'ஆப்ஷன்ஸ்.ஐஎன்ஐ' போன்ற ஒரு கோளாறை அது பிறக்கும் இடத்திலேயே திருத்தும் வாய்ப்பு ரசிகர்களுக்கு அதனால் கிடைத்தது. நீங்கள் விற்பதை நிறுத்திவிட்ட, பேட்ச் போடுவதை நிறுத்திவிட்ட கேம்களுக்கும் அதையே செய்யுங்கள்.