துணைப் பாத்திரத்தில் ஒரு தூண்

திரையரங்கை விட்டு வெளியே வரும் நாம், கதாநாயகனின் பெயரைச் சொல்லி மகிழ்கிறோம். தந்தையாக, சமையற்காரராக, கணக்கராக வந்தவரை மட்டும் "அந்த அப்பா வேடத்தில் வந்தாரே, அவர்" என்று சுட்டி அமைந்துவிடுகிறோம். அவ்வாறு சுட்டப்பட்டே நானூறுக்கும் மேற்பட்ட படங்களில் வாழ்ந்தவர் டெல்லி கணேஷ். 2024 நவம்பர் 9-ஆம் நாள், தம் எண்பதாம் வயதில் அவர் மறைந்தார்.

நெல்லைச் சீமையின் வல்லநாட்டில் 1944-இல் பிறந்த கணேசன், 1964 முதல் பத்தாண்டுகள் விமானப்படையில் பணியாற்றினார். தலைநகரில் தட்சிண பாரத நாடக சபையில் நடித்தார். 1977-இல் 'பட்டினப் பிரவேசம்' படத்தில் அறிமுகம் செய்த கே. பாலசந்தரே 'டெல்லி கணேஷ்' என்னும் பெயரையும் சூட்டினார்.

அவரை மதிப்பிட விழைவோர் முதலில் காண வேண்டியது, துரை இயக்கிய 'பசி' (1979). சென்னைச் சேரியில் சைக்கிள் ரிக்‌ஷா மிதிக்கும் முனியாண்டி. குப்பை பொறுக்கும் மகள் குப்பம்மாவாக ஷோபா. பென்னாகரம், அரூர்ப் பக்கத்துச் சிற்றூர்களிலிருந்து கூலி வேலை தேடிப் பெங்களூருக்குப் பேருந்து ஏறும் குடும்பங்களை அறிந்த தருமபுரி மாவட்டத்து வாசகருக்கு அந்தக் குடிசை அந்நியமானதன்று. முனியாண்டி நம்மிடம் இரக்கத்தை யாசிப்பதில்லை. உழைத்துக் களைத்த உடம்பின் சோர்வும், வீட்டில் நிறைந்த வயிறுகளுக்குப் பதில் சொல்ல இயலாத தந்தையின் சினமும் அவரிடம் ஒன்றாகவே வெளிப்படுகின்றன. நெல்லை மண்ணின் மைந்தர் சென்னைத் தமிழை நகைப்புக்கு உரியதாக்காமல் பேசியது சிறிய செயலன்று. ஷோபாவுக்குத் தேசிய விருதும், இவருக்குத் தமிழக அரசின் சிறப்புப் பரிசும் கிடைத்தன.

ஆயினும் அதன்பின் திரையுலகம் அவரை எங்கே நிறுத்தியது? 'நாயகன்' (1987) படத்தில் ஐயர். 'மைக்கேல் மதன காமராஜன்' (1990) படத்தில் பாலக்காட்டு மணி ஐயர். 'அவ்வை சண்முகி' (1996) படத்தில் சேதுராம ஐயர். ஒரே சட்டையை மீண்டும் மீண்டும் தைத்துக் கொடுத்தார்கள் என்பதே நம் குறை. அந்தச் சட்டைக்குள்ளும் அவர் வெவ்வேறு மனிதராகவே இருந்தார் என்பது அவருடைய திறன். வேலு நாயக்கரின் அருகே நிற்கும் ஐயரின் அமைதியான விசுவாசத்திற்கும், கல்யாணப் பந்தியின் சாம்பாரில் மீன் கிடப்பது கண்டு பதறும் மணி ஐயருக்கும் உறவே இல்லை. 'அபூர்வ சகோதரர்கள்' (1989) அவரைக் கொலைகாரக் கூட்டாளி நால்வருள் ஒருவராக்கிற்று. பாத்திரத்தின் பெயர் பிரான்சிஸ் அன்பரசு! கொடியவனுக்கு ஏன் நம்மவர் பெயர் என்று நம்முள் சிலர் முகம் சுளித்திருக்கலாம். கொடுமைக்குச் சமயம் இல்லை என்று எடுத்துக்கொள்வதே தகும்.

'சிந்து பைரவி' (1985) படத்தின் மிருதங்கக் கலைஞர் குருமூர்த்தியைத் தனித்தே சொல்ல வேண்டும். குடித்துவிட்டு வந்ததற்காகக் கச்சேரியிலிருந்து அவரை வெளியேற்றுகிறார் பாடகர் ஜே.கே.பி. அதே பாடகர் பின்னாளில் குடியிலேயே வீழ்கிறார். தீர்ப்பிட்டவர் தீர்ப்புக்குள்ளாகும் இக்கதையின் கனம், முற்பகுதியில் தலைகுனிந்து செல்லும் அந்தச் சிறு பாத்திரத்தின் முகத்திலேயே ஏற்றப்பட்டுவிடுகிறது. அந்த அவமானத்தை அவர் மிகைப்படுத்தியிருந்தால் பிற்பகுதி வெறும் பழிவாங்கலாய்ச் சுருங்கியிருக்கும்.

தொலைக்காட்சித் தொடர்கள் அவரை இல்லந்தோறும் கொண்டு சேர்த்தன. ஆனால் ஒரு பார்வையில் முடிய வேண்டியதை மூன்று நாள் நீட்டும் அவ்வடிவம், சிக்கனமே கலையாகக் கொண்டவருக்கு ஏற்ற இடமன்று என்பது நம் துணிபு.

பங்குகளில் திரைப்படம் காட்டி உரையாடல் நடத்தும் இளையோர் குழுக்கள் 'பசி'யைத் தெரிவு செய்யலாம். முனியாண்டி வீடு திரும்பும் காட்சிகளில் தொடங்குவது நன்று.