போராட்டமும் விலகலும்: ஷின் கியுங்-சூக்கின் 'தனித்த அறை' புதினத்தில் கொரியப் பெண் தொழிலாளர்

முன்னுரை

1972இல் யூஷின் அரசமைப்பின்வழித் தம் ஆட்சியை வரம்பற்றதாக்கிக்கொண்ட பார்க் சுங்-ஹீயின் காலத்தில், தென்கொரிய ஏற்றுமதித் தொழிலின் சுமை பெரிதும் இளம்பெண்களின் தோள்மீதே இருந்தது. சங்க உரிமைக்கான போராட்டத்திலும் அவர்களே முன்னின்றனர். 1978 பிப்ரவரியில் இஞ்சியோன் நகரத் தோங்கில் நெசவாலையில், சங்கத் தேர்தலுக்கு வந்த பெண்கள்மீது மலம் வீசப்பட்டது. 1979 ஆகஸ்டில், ஆலை மூடலை எதிர்த்து எதிர்க்கட்சித் தலைமையகத்தில் அமர்ந்த ஒய்.எச். செயற்கை முடி ஆலைப் பெண்களைக் காவல்துறை தாக்கி வெளியேற்றியது. கிம் கியுங்-சூக் என்னும் தொழிலாளி உயிரிழந்தார். அதனையொட்டி எழுந்த அரசியல் நெருக்கடி பூசான், மாசான் நகரங்களில் கிளர்ச்சியாக வெடித்தது. அக்டோபர் 26 அன்று பார்க் கொல்லப்பட்டார்.

விலகியவளின் சாட்சியம்

அக்காலத்தில் சியோலின் கூரோ தொழிற்பேட்டைப் பகுதியில் பகலில் ஆலைத் தொழிலாளியாகவும் இரவில் பள்ளி மாணவியாகவும் வாழ்ந்தவர் ஷின் கியுங்-சூக். அவ்வனுபவத்திலிருந்து உருவான 'தனித்த அறை' 1995இல் வெளிவந்தது. இதன் கதைசொல்லி போராட்டத் தலைவி அல்லள். இரவுப் பள்ளியில் இடம் பெறும்பொருட்டுச் சங்கத்தைவிட்டு விலகியவள்.

வரலாறு போராடியோரைப் போற்றுகிறது. விலகியோரைக் கோழைகள் என ஒதுக்குகிறது. புதினமோ விலகல் எவ்வாறு உருவாக்கப்பட்டது என்பதைக் காட்டுகிறது. உற்பத்தி வரிசையில் பெயரிழந்து எண்ணாகிவிட்ட சிறுமிக்குக் கல்வியே மீண்டும் மனிதராகும் ஒரே வழி. அவ்வேட்கையையே நிர்வாகம் சங்கத்தை உடைக்கும் கருவியாக்குகிறது. தடியடி செய்ய இயலாததைப் பள்ளி அனுமதி செய்து முடிக்கிறது. அடக்குமுறையின் இந்த மென்முகத்தைப் பதிவு செய்ததே புதினத்தின் தனிச்சிறப்பு.

எனினும் ஒரு குறை உண்டு. தோழி ஹீ-ஜேயின் தற்கொலையும், அவள் கேட்டுக்கொண்டபடி அறியாமல் கதவைப் பூட்டிய கதைசொல்லியின் குற்றவுணர்வும் பிற்பகுதியை முழுமையாக ஆட்கொள்கின்றன. இதனால் சங்கப் பெண்களின் கூட்டுச் செயல் பின்புலமாகச் சுருங்குகிறது; அவர்கள் சிந்தித்துத் திட்டமிட்ட அரசியல் மாந்தர் என்பது போதிய அளவு வெளிப்படவில்லை.

முடிவுரை

ஆகவே இப்புதினத்தைப் போராட்டத்தின் முழு வரலாறாகக் கொள்வது பிழை. போராட்டத்திலிருந்து தப்பியோடியவளின் புலம்பலாகக் கருதித் தள்ளுவதும் பிழை. போராடியவர்களின் நினைவுரைகளோடு சேர்த்துப் படிக்கும்போதே, அன்று சங்கத்தில் நிலைத்து நிற்பதற்கு ஒரு பெண் எதையெல்லாம் இழக்க வேண்டியிருந்தது என்பது முழுமையாகப் புலனாகும்.