கொங்குப் பேச்சும் கைப்பேசித் திரையும்

சேலத்திலிருந்து ஏற்காட்டுக்குப் போகும் சாலையோரம் மாடர்ன் தியேட்டர்ஸின் நுழைவு வளைவு இன்னும் நிற்கிறது. திருச்செங்கோட்டில் பிறந்த டி.ஆர். சுந்தரம் 1930களின் நடுவில் தொடங்கிய நிறுவனம் அது. மலையாளத்தின் முதல் பேசும்படம் ‘பாலன்’ (1938), தமிழின் முதல் முழுநீள வண்ணப்படம் ‘அலிபாபாவும் 40 திருடர்களும்’ (1956) எனப் பல மொழிகளில் நூற்றுக்கும் மேற்பட்ட படங்கள் அங்கிருந்து வந்தன. மு. கருணாநிதி வசனம் எழுதிய ‘மந்திரி குமாரி’யும் (1950) அவற்றில் ஒன்று. சென்னைக்குப் போகாமலே சினிமா எடுக்கலாம் என்று சேலம் அன்றே காட்டியிருந்தது.

1963இல் சுந்தரம் மறைந்தார். அதன்பிறகும் படங்கள் வந்தன. ஆனால் தொழில் மொத்தமும் கோடம்பாக்கத்தில் குவிந்துவிட்டது. நாமக்கல்லிலோ ஈரோட்டிலோ நடிப்பாசை பிடித்த ஒருவருக்கு அடுத்த அரை நூற்றாண்டுக்குச் சென்னை பஸ்ஸை விட்டால் வேறு வழி இருக்கவில்லை.

அந்தக் கட்டாயத்தை யூடியூப் தளர்த்தியது. 2016 செப்டம்பரில் ஜியோ வந்து டேட்டா விலை சரிந்ததும், பார்ப்பவர் கூட்டம் கிராமம்வரை பரவியது. கோவையிலிருந்து ‘எருமசாணி’, ‘நக்கலைட்ஸ்’ போன்ற குழுக்கள் எழுந்தன.

இவர்களில் நக்கலைட்ஸைத் தனியாகப் பார்க்க வேண்டும். அரசியல் நையாண்டியும் குடும்பக் கலாட்டாவும் அவர்களுடைய சரக்கு. அதைவிடப் பெரிய பலம் பேச்சு. “ஏனுங்”, “அம்மிணி”, “கண்ணு” என்ற விளிகள் ராசிபுரத்திலும் பரமத்தி வேலூரிலும் பக்கத்து வீட்டில் கேட்கிறவைதான். சினிமா இந்தக் கொங்குத் தமிழைப் புறக்கணித்ததாகச் சொல்ல முடியாது. கோவை சரளாவும் மணிவண்ணனும் அதைத் தமிழ்நாடு முழுக்கக் கொண்டுபோனார்கள். ஆனால் பெரும்பாலும் நகைச்சுவைப் பகுதியில்தான் அதற்கு இடம் கிடைத்தது. நக்கலைட்ஸ் வீடியோக்களில் அம்மா, மகன், மருமகள், மாமன், கடன்கொடுத்தவர் என்று வருகிற எல்லாருமே அதைப் பேசுகிறார்கள். எல்லாரும் பேசும்போது பேச்சு சிரிப்புக்குரிய பொருளாக இருப்பதில்லை. சிரிப்பு சங்கதியிலிருந்தே வந்தாக வேண்டும்.

இந்தோனேசியாவிலும் இதே போக்கு உண்டு. மலாங் நகரத்து யூடியூபர் பாயு ஸ்காக், ஜகார்த்தாவின் பொதுமொழியை விட்டுப் பெரும்பகுதி ஜாவா மொழியிலேயே ‘யோவிஸ் பென்’ (2018) என்ற திரைப்படத்தைக் கொண்டுவந்தார்.

பிழைப்புக் கணக்குதான் கடினமானது. மாடர்ன் தியேட்டர்ஸ் கலைஞர்களை மாதச் சம்பளத்தில் வைத்திருந்தது. யூடியூப் 2018இல் வைத்த விதிப்படி, விளம்பர வருமானம் பெற ஆயிரம் சந்தாதாரர்களும் ஓராண்டில் 4,000 மணிநேரப் பார்வையும் வேண்டும். அதைத் தாண்டினால் நீள வீடியோவின் விளம்பர வருமானத்தில் 55 சதவீதம் படைப்பாளருக்கு. பல பேர் கொண்ட குழுவுக்கு அது போதாதபோது கடை விளம்பரமும் செயலி விளம்பரமும் கதைக்குள்ளேயே நுழைகின்றன. மேடையே மூடப்படும் ஆபத்தும் இருக்கிறது: 2020 ஜூன் 29இல் டிக்டாக் தடைசெய்யப்பட்டபோது அதை நம்பியிருந்தவர்கள் வேறிடம் தேட வேண்டியதாயிற்று. அவர்களில் ஒருவரான உடன்குடி ஜி.பி. முத்து யூடியூபில் ஊன்றி, 2022இல் ‘பிக் பாஸ்’ வீட்டுக்குள்ளும் போனார்.

சினிமாவின் ஈர்ப்பு குறையவில்லை. பிரதீப் ரங்கநாதனின் குறும்படம் ‘லவ் டுடே’யாக (2022) வளர்ந்தது. எருமசாணி விஜய் அதே ஆண்டு ‘டி பிளாக்’ இயக்கினார். நக்கலைட்ஸ் அணியின் ராஜேஷ்வர் காளிசாமி இயக்கி, பிரசன்னா பாலச்சந்திரனுடன் சேர்ந்து எழுதிய ‘குடும்பஸ்தன்’ 2025 ஜனவரியில் வெளியானது. வேலை போனதை வீட்டில் மறைக்கும் ஒருவனின் கதை. களம் கோவை, பேச்சு கொங்கு. யூடியூபில் பழகிய வீட்டுச் சண்டையை இரண்டரை மணிநேரம் தாங்கும் கதையாக நீட்ட முடிந்ததே அதன் சாதனை.

எல்லாரும் அந்தத் திசையில் போகவில்லை. புதுக்கோட்டை மாவட்டம் சின்னவீரமங்கலத்தின் ‘வில்லேஜ் குக்கிங் சேனல்’ 2021 ஜூலையில் ஒரு கோடிச் சந்தாதாரர்களைத் தொட்ட முதல் தமிழ்ச் சேனலானது. அடுத்த ஆண்டு அக்குழு கமல்ஹாசனின் ‘விக்ரம்’ படத்தில் தலைகாட்டிவிட்டு, வயல்வெளிச் சமையலுக்கே திரும்பியது. அதற்குப்பின் சந்தாதாரர் எண்ணிக்கை இரண்டு கோடியையும் தாண்டிவிட்டது.