மாரத்தான் வேகம் யாருக்குச் சாதகம்?

சிவிலைசேஷன் கணினி ஆட்டத்தை மாரத்தான் வேகத்தில் ஆடுகிறவர் என்றாலே பலருக்கும் ஒரு மரியாதை வந்துவிடுகிறது. பொறுமைசாலியாம், நிதானக்காரராம். அவர் சேமித்து வைத்திருக்கும் ஆட்டத்தைத் திறந்து பாருங்கள். முதல் 300 டர்னுக்குள் பக்கத்து ராஜாக்கள் இரண்டு பேரைக் காலி செய்திருப்பார். மாரத்தான் சண்டைக்காரர்களின் வேகம். இதைச் சொன்னால் நூலகமும் கோயிலும் கட்டி ஆடுகிறவர்கள் கோபித்துக்கொள்வார்கள். கணக்கைப் பார்த்துவிட்டுக் கோபிக்கட்டும்.

சிட் மையர் 1991-ல் தொடங்கி வைத்த ஆட்டம் இது. கி.மு. 4000-ல் ஒரே ஒரு குடியேறியும் ஒரு வீரனுமாகக் கிளம்பி, நகரம் அமைத்து, கலை கற்று, கப்பல் விட்டு, ராக்கெட் வரைக்கும் போக வேண்டும். நீங்கள் உங்கள் காய்களை நகர்த்தி முடித்த பிறகுதான் எதிராளி நகர்த்துவார், அந்த ஒரு சுற்றுதான் ஒரு டர்ன். ஆறாம் பாகம் 2016-ல் வந்தது. 2020 மே மாதம், ஊரடங்கில் எல்லாரும் வீட்டுக்குள் கிடந்த நேரத்தில், எபிக் கேம்ஸ் கடை அதை ஒரு வாரம் இலவசமாகவே கொடுத்தது. நாகர்கோவில், தக்கலைப் பக்கம் எனக்குத் தெரிந்த பையன்கள் பலருடைய லேப்டாப்பில் இருப்பது அப்படி வந்து சேர்ந்த ஆட்டம்தான். இரண்டு பருவமழையும் வந்து போகிற மாவட்டம் இது. கரண்டும் அப்படித்தான் வந்து போகும். நிஜ நேரத்தில் ஓடுகிற ஆட்டமென்றால் விளக்கு அணைந்ததும் தோல்வி. இது ஒவ்வொரு டர்னையும் தானே சேமித்துக்கொள்ளும் ஆட்டம் என்பதால், கரண்டு வந்ததும் விட்ட இடத்திலிருந்து தொடரலாம்.

ஆறாம் பாகத்தில் வேகம் ஐந்து வகை. ஆன்லைன் வேகத்தில் 250 டர்ன், குயிக்கில் 330, ஸ்டாண்டர்டில் 500, எபிக்கில் 750. கடைசியில் இருக்கும் மாரத்தானில் 1500.

இந்த எண்களைப் பார்த்ததும் சதுரங்கத்தை நினைத்துக்கொள்கிறார்கள். அங்கேதான் பிசகு. சிங்கப்பூரில் 2024 டிசம்பரில் குகேஷ் டிங் லிரெனை 7.5 - 6.5 என்று வென்றாரே, அந்தப் போட்டியில் முதல் 40 நகர்த்தலுக்கு ஆளுக்கு 2 மணி நேரம். பிளிட்ஸ் ஆட்டத்தில் சில நிமிடம். சதுரங்கத்தில் வேகம் என்றால் யோசிக்கக் கிடைக்கும் நேரம். பலகையில் எதுவும் மாறாது, குதிரை எந்த வேகத்திலும் குதிரைதான். சிவிலைசேஷனில் தனியாக ஆடும்போது கடிகாரமே கிடையாது. ஆன்லைன் வேகத்தை வைத்துக்கொண்டும் ஒரு டர்னுக்கு ஒரு ராத்திரி முழுக்க யோசிக்கலாம், கேட்க ஆளில்லை. வேகத்தை மாற்றினால் மாறுவது விலை. ஸ்டாண்டர்டில் ஒரு பொருளுக்கு 100 என்றால் ஆன்லைனில் 50, மாரத்தானில் 300. கலை கற்பதற்கும் அதே விகிதம்தான்.

விலையேறாத பொருள்களும் சில உண்டு. இந்த அலசல் முழுக்க அவற்றைப் பற்றித்தான்.

வீரனின் நடை மாறாது. சமவெளியில் டர்னுக்கு 2 கட்டம், எந்த வேகத்திலும். அடியின் வலு மாறாது. சம பலமுள்ள இருவர் மோதினால் 100 உயிரில் சுமார் 30 போகும், எந்த வேகத்திலும். காயம் ஆறுவதும் அப்படியே. சொந்த எல்லைக்குள் டர்னுக்கு 15, எதிரி மண்ணில் 5.

இனி இரண்டையும் சேர்த்துப் பாருங்கள். ஆட்டத் தொடக்கத்தில் ஒரு நகரத்தின் உற்பத்தி டர்னுக்கு 5 என்று வைத்துக்கொள்வோம். ஸ்டாண்டர்டில் வாரியர் விலை 40, ஆக 8 டர்ன். அந்த 8 டர்னில் ஏற்கெனவே இருக்கும் வாரியர் 16 கட்டம் நடப்பான். மாரத்தானில் விலை 120, ஆக 24 டர்ன். அவன் 48 கட்டம் நடந்திருப்பான். அடுத்த வீரன் பிறப்பதற்குள் முதல் வீரன் பக்கத்து நாட்டுத் தலைநகருக்குப் போய், சுற்றிப் பார்த்து, திரும்பி வந்து, இன்னொரு திசையிலும் கிளம்பியிருப்பான்.

முற்றுகையில் இது இன்னும் அப்பட்டமாகத் தெரியும். மதில் இல்லாத ஒரு நகரத்தை நாலு வாரியரும் இரண்டு ஆர்ச்சரும் சேர்ந்து 6 டர்னில் சாய்க்கிறார்கள் என்று வையுங்கள். அந்த 6 டர்னில் உள்ளே இருப்பவர் 30 உற்பத்தி சேர்ப்பார். ஆன்லைன் வேகத்தில் வாரியர் விலை 20. ஒருவன் முழுதாக வந்து வாசலில் நிற்பான், அடுத்தவன் பாதி தயார். ஸ்டாண்டர்டில் முக்கால் வீரன். மாரத்தானில் கால் வீரன். கால் வீரனை வைத்துக்கொண்டு யாரும் கோட்டையைக் காப்பாற்றியதில்லை. மதில் எழுப்பலாமே என்றால் அதற்கு ஸ்டாண்டர்டிலேயே 80, மாரத்தானில் 240. அதாவது 48 டர்ன். அதற்கு முன் கல்வேலை வேறு கற்றிருக்க வேண்டும்.

குளச்சல் கடற்கரையில் நிற்கும் வெற்றித் தூணைப் பார்த்தவர்களுக்கு இந்தக் கணக்கு புதிதல்ல. இலங்கையிலிருந்து வந்திறங்கிய டச்சுக் கம்பெனிப் படை குளச்சலைப் பிடித்துக்கொண்டு, அன்றைய திருவிதாங்கூர்த் தலைநகரான பத்மநாபபுரத்தை நோக்கி நகர்ந்தது. ராஜா மார்த்தாண்ட வர்மாவின் படை அதைக் குளச்சல் கோட்டைக்குள்ளேயே தள்ளி முடக்கியது. டச்சுக்காரர்கள் துப்பாக்கியில் மட்டமில்லை, பீரங்கியிலும் மட்டமில்லை. மழைக்காலக் கடல் அவர்களுக்குத் துணை வரும் பாதையை அடைத்தது. ஜாவாவில் வேறொரு போரில் மாட்டிக்கொண்டிருந்த பத்தேவியா தலைமையகத்திலிருந்து ஆள் வரவில்லை. போன வீரனுக்கு மாற்று வீரன் இல்லை. கடைசியில் ஒரு குண்டு மருந்துக் கிடங்கில் விழ, சாப்பாட்டுச் சரக்கும் எரிய, 1741 ஆகஸ்டில் முடிந்தது கதை. கால் வீரனோடு கோட்டைக்குள் உட்கார்ந்திருந்தவர்கள் தோற்றார்கள்.

அதைவிட அழகான ஆட்டம் அதற்குப் பிறகு நடந்தது. பிடிபட்ட தளபதி டி லனாயை மார்த்தாண்ட வர்மா தன் பக்கமே சேர்த்துக்கொண்டார். படைக்குப் பயிற்சி, பீரங்கி வார்ப்பு, கோட்டை வேலை எல்லாம் அவர் கையில் வந்தது. ஜனங்கள் அவரை வலிய கப்பித்தான் என்றார்கள். 1777-ல் இறக்கும்வரை முப்பது ஆண்டுகளுக்கு மேல் இந்த மண்ணுக்குத்தான் வேலை பார்த்தார். புலியூர்க்குறிச்சி உதயகிரிக் கோட்டைக்குள் அவர் கல்லறை இருக்கிறது. தேர்ந்த ஒரு வீரனைப் புதிதாக உருவாக்க எத்தனை காலம் ஆகும் என்று தெரிந்த ராஜா, கையில் கிடைத்தவனைக் கொல்ல மாட்டார்.

மாரத்தான் ஆடத் தெரியாதவரை இந்த ஒரு இடத்திலேயே கண்டுபிடித்துவிடலாம். வீரனை ஸ்டாண்டர்ட் விலைக்குச் செலவழிப்பார். சிவப்புக் கோட்டில் உயிர் ஊசலாடும் வாரியரை இன்னொரு தடவை மோத விடுவார். ஸ்டாண்டர்டில் அது 8 டர்ன் நஷ்டம், இங்கே 24. இந்த வேகத்தில் நன்றாக ஆடுகிறவரின் படை சின்னதாக இருக்கும், கிழப்படையாகவும் இருக்கும். ஆட்டத்தின் நாலாவது டர்னில் கிளம்பிய வீரன் 400-வது டர்னிலும் உயிரோடு இருப்பான், இரண்டு மூன்று பதவி உயர்வோடு. புதிய ஆயுதம் அவ்வளவு சீக்கிரம் வராது என்பதால் அவன் அவ்வளவு சீக்கிரம் காலாவதியாகவும் மாட்டான். ஆன்லைன் வேகத்தில் வாள்வீரனைச் செய்து எல்லைக்கு நடத்திக் கூட்டிப் போவதற்குள் எதிரி அடுத்த ஆயுதத்தை எடுத்துவிடுவான்.

கோட்டாறு பக்கத்துத் தம்பி ஒருவன் சலித்துக்கொண்டான். "அண்ணே, ஒரு வாரியருக்கு 24 டர்னாம். நான் அதுக்குள்ள ஒரு சாயா குடிச்சிட்டு வந்திருவேன்." குடித்துவிட்டு வரட்டும். ஆனால் அந்த 24 டர்னிலும் 'அடுத்த டர்ன்' பொத்தானை மட்டும் அமுக்கிக்கொண்டிருந்தான் என்றால், அவன் மாரத்தான் ஆடவில்லை, ஸ்டாண்டர்டை மூன்று மடங்கு நீட்டிக்கொண்டிருக்கிறான். ஊரில் ஒன்றும் நடக்காதபோது எல்லைக்கு வெளியே நடக்க வேண்டிய வேலை நிறைய. குன்றின்மேல் ஒரு ஆள், ஆற்றுக்கு இந்தப் பக்கம் ஒரு ஆள், கொள்ளைக் கூட்டத்தின் வேவுக்காரன் நம் நகரத்தைக் கண்டுவிட்டுத் திரும்பி ஓடும்போது வழிமறிக்க ஒரு ஆள். அவனை விட்டுவிட்டால் குதிரைக்காரர்கள் வந்து, வயலில் நிற்கும் வேலையாளையே ஓட்டிக்கொண்டு போய்விடுவார்கள்.

கட்டிட ரசிகர்களின் பாடுதான் திண்டாட்டம். ஒருவர் முடித்தால் மற்றவர் கட்ட முடியாத ஸ்டோன்ஹெஞ்சுக்கு ஸ்டாண்டர்டில் 180, மாரத்தானில் 540. டர்னுக்கு 6 உற்பத்தி செய்யும் ஊருக்கு அது 90 டர்ன். 85-வது டர்னில் வேறொரு நாட்டான் முடித்துவிட்டான் என்ற செய்தி திரையில் வரும்போது வயிறு எரியும். கடினமான நிலைகளில் கணினிக்கு உற்பத்தியில் சலுகை உண்டு. அந்தச் சலுகை எந்த வேகத்திலும் கூடவே வரும். ஆனால் காயை நகர்த்தும் சாமர்த்தியத்தை யாரும் கணினிக்குச் சலுகையாகக் கொடுக்கவில்லை. மூன்று மடங்கு டர்ன் என்றால் அது தப்பு செய்வதற்கும் மூன்று மடங்கு வாய்ப்பு. ஆகவே 'கஷ்டமான வேகம்' என்ற பெயர் பாதிதான் சரி. கட்டுகிறவருக்குக் கஷ்டம், படை நடத்துகிறவருக்குச் சலுகை. நான்காம் பாகத்தில் இது இன்னும் வெளிப்படை. அங்கே மாரத்தானில் கட்டிடமும் கலையும் 3 மடங்கு, படைவீரன் மட்டும் 2 மடங்கு. அந்த அட்டவணையைப் போட்டவர் மனதில் என்ன இருந்ததோ, போர்ப் பிரியர்களுக்குப் பந்தியில் முதல் இலை.

நீண்ட ஆட்டத்தையும் மெதுவான ஆட்டத்தையும் குழப்பிக்கொள்கிறவர்களும் உண்டு. இரண்டாம் பாகத்தின் ஒரே ஆட்டத்தைப் பத்து ஆண்டு விட்டு விட்டு ஆடி, கி.பி. 3991 வரை கொண்டு போன ஒருவரைப் பற்றி 2012-ல் உலகம் முழுக்கப் பேசினார்கள். அந்தப் பாகத்தில் வேகம் தேர்ந்தெடுக்கும் வசதியே கிடையாது. அவர் மெதுவாக ஆடவில்லை, கைவிடாமல் ஆடினார்.

போட்டிக் களத்தில் மாரத்தானுக்கு இடமில்லை என்பதையும் சொல்லிவிட வேண்டும். ஆள் எதிர் ஆள் ஆடுகிறவர்கள் ஆன்லைன் வேகத்தைத்தான் வைத்துக்கொள்கிறார்கள், ஒரே இருப்பில் முடிய வேண்டுமே. முறை வைத்து ஆடும் கணினி ஆட்டத்தில் நம் நாட்டுக்கு ஒரு ஆசியப் பெருமை உண்டு. 2018 ஜகார்த்தா ஆசியப் போட்டியில், பதக்கப் பட்டியலில் சேராத காட்சிப் பிரிவில், ஹார்த்ஸ்டோன் சீட்டாட்டத்தில் தீர்த் மேத்தா வெண்கலம் வாங்கினார். அதுவும் சீக்கிரம் முடிகிற ஆட்டம். 1500 டர்னை உட்கார்ந்து பார்க்க எந்த அரங்கத்திலும் கூட்டம் சேராது.

மாரத்தானின் பெரிய குறை பின்பாதியில் இருக்கிறது. முதல் 500 டர்ன் தேன். மூன்று நகரம், ஐந்து வீரர், ஒவ்வொரு அடிக்கும் அர்த்தம். 900-வது டர்னில் இருபது நகரம், முப்பது படை. ஜெயித்துவிட்டோம் என்று நமக்கும் தெரியும், கணினிக்கும் தெரியும். ஆனால் முடிக்க இன்னும் பல நூறு டர்ன். ஒவ்வொரு டர்னிலும் கணினி யோசித்து முடிக்கும்வரை திரையைப் பார்த்துக்கொண்டிருக்க வேண்டும். பெரும்பாலோர் அங்கேயே மூடிவிட்டுப் புது ஆட்டம் தொடங்குகிறார்கள். அதில் வெட்கப்பட ஒன்றுமில்லை. முடிவு தெரிந்த டெஸ்ட் மேட்சில் கேப்டன்கள் கைகுலுக்கிவிட்டுப் போவதில்லையா?

2025 பிப்ரவரியில் வந்த ஏழாம் பாகம் இந்த நோய்க்கு மருந்து என்று சொல்லிக்கொண்டே வந்தது. ஆட்டத்தை மூன்று யுகமாக வெட்டிவிட்டார்கள். ஆட்டம் வந்தபோது, யுகம் மாறினால் நாடே மாறியது. நடு யுகத்தில் சோழர்களை எடுத்து ஆடலாம். கலம் என்ற கப்பல் உண்டு, தஞ்சைப் பெரிய கோயில் உண்டு, அஞ்சுவண்ணமும் மணிக்கிராமமும் ஒரே கட்டத்தில் கட்டினால் ஐந்நூற்றுவர் வணிகப் பேட்டை உருவாகும். முதலாம் ராஜராஜன் காலத்தில் மும்முடிச் சோழநல்லூர் என்று பெயர் வாங்கிய கோட்டாற்றுக்காரனுக்கு இதை ஆடிப் பார்க்காமல் இருக்க முடியுமா?

ஆடிப் பார்த்தால் மாரத்தானின் ருசி குறைகிறது. காரணம் அதே கணக்குதான். வெளியானபோது இருந்த விதிப்படி, யுகம் மாறினால் தளபதிகளோடு குறிப்பிட்ட அளவு படைதான் தாண்டும், மிச்சம் கழிந்துவிடும். 24 டர்ன் காத்துப் பெற்று, சாகவிடாமல் பொத்திக் காப்பாற்றிய கிழட்டு வீரனை ஒரு அறிவிப்புத் திரை தூக்கிக்கொண்டு போய்விடுகிறது. அனுபவம் தளபதியிடம் சேர்கிறது, ஆளிடம் அல்ல. ஆகவே ஏழாம் பாகத்தைச் சோழர்களோடு ஆட விரும்புகிறவர்களுக்கு நான் சொல்வது ஸ்டாண்டர்ட், மிஞ்சிப் போனால் எபிக். மாரத்தானுக்கு இன்றைக்கும் ஆறாம் பாகம்தான், ஒரே கண்டமாக இருக்கும் சின்ன வரைபடம், ஆறு நாடுகளுக்கு மேல் வேண்டாம். முதல் உற்பத்தி ஸ்கவுட். ஸ்டோன்ஹெஞ்சை மறந்துவிடுங்கள்.