கேட்டுக்கொண்டிருந்தவள்

ஒரு தப்பை ஒப்புக்கொள்வதற்காகவே இதை எழுத உட்கார்ந்திருக்கிறேன். 1961-இல் வெளியான 'விக்டிம்' என்ற பிரிட்டிஷ் படத்தைப் பற்றிப் பல வருஷங்களுக்கு முன் ஒரு கட்டுரை எழுதினேன். அதில் டர்க் போகார்டை வாயாரப் புகழ்ந்திருந்தேன். அவர் மனைவியாக நடித்த ஸில்வியா ஸிம்ஸுக்கு நான் ஒதுக்கியது ஒரே ஒரு வரி: 'மனைவியும் குறை சொல்லும்படி இல்லை.' சமீபத்தில் அந்தப் படத்தை மறுபடியும் பார்த்தபோது அந்த வரி என்னையே குத்தியது.

ஆணும் ஆணும் உறவு கொள்வது இங்கிலாந்தில் அப்போது குற்றம். 1967-இல்தான் அந்தச் சட்டம் ஓரளவு தளர்ந்தது. மிரட்டிப் பணம் பறிக்கிறவர்களுக்கு அது நல்ல வசதியாக இருந்தது. அப்படி மிரட்டப்பட்ட ஓர் இளைஞன், பிரபல வக்கீல் ஒருவரைக் காட்டிக்கொடுக்க மனமில்லாமல் போலீஸ் காவலில் உயிரை விடுகிறான். அந்த வக்கீல்தான் போகார்ட். அவருடைய மனைவி லாரா உண்மையைக் கேட்கிறாள். நழுவப் பார்க்கிறவரை விடாமல் கேட்கிறாள். கடைசியில் அவர் மனத்தைத் திறந்து கொட்டிவிடுகிறார்.

படத்தின் உச்சம் அந்தக் காட்சிதான். எல்லோரையும்போல நானும் பேசுகிறவரைத்தான் பார்த்தேன். இந்தத் தடவை கேட்கிறவளைப் பார்த்தேன். 'சொல்' என்று வற்புறுத்துகிற கோபமும், 'சொல்லிவிடாதே' என்று கெஞ்சுகிற பயமும் அந்த முகத்தில் ஒரே சமயத்தில் இருக்கின்றன. அவள் அப்படிக் கேட்டிராவிட்டால் அவருக்கு அந்த வாக்குமூலமே கிடையாது. அவருடைய நடிப்பில் பாதி இவள் கொடுத்த பிச்சை என்றுகூடச் சொல்வேன். கதையின் விஷயத்துக்குப் பயந்து வேறு நடிகைகள் மறுத்த வேஷம் அது. ஸிம்ஸ் மறுக்கவில்லை.

அவருடைய வாழ்க்கை முழுவதுமே இப்படித்தான் போயிருக்கிறது. 1934-இல் பிறந்து, லண்டன் ராயல் அகாடமியில் நாடகம் படித்து, அஸோஸியேட்டட் பிரிட்டிஷ் ஸ்டூடியோவின் கான்ட்ராக்டில் சேர்ந்தவர். 1957-இல் வந்த 'உமன் இன் எ டிரஸ்ஸிங் கவுன்' படத்தில் அடுத்தவள் கணவனைக் காதலிக்கிற பெண்ணாக நடித்தார். அந்தப் பாத்திரத்தை வெறுக்க ரசிகர்கள் தயாராகவே வந்திருப்பார்கள். ஸிம்ஸ் அவளை வில்லியாக்கவில்லை. தானும் நியாயமாகவே ஆசைப்படுவதாக நம்புகிற ஒருத்தியாக்கினார். பெர்லின் விழாவில் பரிசு பெற்றவர் மனைவியாக நடித்த இவான் மிச்செல். அது தகுதியான பரிசுதான். ஆனால் எதிரே நின்றவள் வெறும் மோகினியாக இருந்திருந்தால் அந்த மனைவியின் துக்கம் மலிவாகிப் போயிருக்கும்.

மறு வருஷம் 'ஐஸ் கோல்ட் இன் அலெக்ஸ்'. பாலைவனத்தில் ஓர் ஆம்புலன்ஸும் அதில் ஒரு நர்ஸும். படம் பார்த்தவர்களுக்கு நினைவிருப்பதென்னவோ ஜான் மில்ஸ் கடைசியில் குடிக்கிற பீர்தான்!

ஸ்டூடியோ தந்த வேஷங்கள் எல்லாமே உயர்ந்தவை என்று நான் வாதாட மாட்டேன். சிலவற்றில் அழகாக நிற்பதைத் தவிர அவருக்கு வேலை இல்லை. பிரிட்டிஷ் ஸினிமா தளர்ந்தபோது அவர் டெலிவிஷனுக்குப் போனதைச் சிலர் வீழ்ச்சி என்பார்கள். எனக்கு அப்படித் தோன்றவில்லை. 1991-இல் டெலிவிஷன் நாடகம் ஒன்றில், பதவி பறிபோகிற மார்கரெட் தாட்சராக அவர் நடித்தார். அங்கே கதை முழுவதும் அவருடையது. நடுவில் நிற்கத் தெரியாதவர் அல்ல என்பதற்கு வேறு சாட்சி வேண்டாம். 2006-இல் 'தி குயீன்' படத்தில் ராணியின் தாயாராக வந்தார். ஆஸ்கார் ஹெலன் மிர்ரனுக்குக் கிடைத்தது. ஸிம்ஸ் வழக்கம்போலப் பக்கத்து நாற்காலியில். 2023 ஜனவரியில் காலமானார்.

நான் ஏன் அன்று அவரைக் கவனிக்கவில்லை? யோசித்துப் பார்த்தால் வெட்கமாக இருக்கிறது. நான் எழுதிய நாவல்களிலும் கணவன் பக்கம் பக்கமாகப் பேசுவான்; மனைவி கேட்டுக்கொண்டிருப்பாள். அவள் கேட்கிறபோது அவளுக்குள் என்ன நடக்கிறது என்று நான் ஒரு வரி எழுதியதில்லை. பேசுகிறவன்தான் பாத்திரம் என்று நினைத்திருந்தேன்.

பழைய கட்டுரையை இனித் திருத்த முடியாது. அடுத்த நாவலைத் திருத்தலாம்.