கூடையாகப் பின்னிய கொடி

ஏஜியன் கடலிலுள்ள கிரேக்கத் தீவான சாண்டோரினியில் ஒயின், உணவுச் சுற்றுலா ஒன்றைத் தேர்பவர், அது எத்தனை கோப்பை தருகிறது என்பதைவிடக் கொடிகளுக்கிடையே நடக்கவிடுகிறதா என்பதையே முதலில் பார்ப்பது தகும். பந்தலேற்றாமல் தரையோடு வளையமாகப் பின்னிக் கூடைபோல் வளர்க்கும் 'குலூரா' முறையால், அசிர்த்திகோ என்னும் வெள்ளைத் திராட்சை கடுங்காற்றுக்கும் வெயிலுக்கும் மறைந்து அக்கூடைக்குள்ளேயே காய்ப்பது கண்ணால் கண்டு வியக்கவேண்டிய கைவினை. களிமண் அற்ற எரிமலை மண்ணில், வேரைத் தாக்கும் பிலாக்சரா பூச்சி பிழைப்பதில்லையாதலால், ஐரோப்பாவின் பெரும்பகுதியில் நேர்ந்ததுபோல் அமெரிக்க வேர்த்தண்டில் ஒட்டுக்கட்டும் தேவையும் இங்கு எழவில்லை. உணவிலோ, உள்ளூர்ப் பருப்பைக் குழைய வேகவைத்து வெங்காயமும் ஆலிவ் எண்ணெயும் சேர்த்த 'ஃபாவா' இடம்பெறாத சுற்றுலா குறையுடையதே. வெயிலில் உலர்த்திய திராட்சையைப் பிழிந்து, பீப்பாயில் குறைந்தது 2 ஆண்டுகள் முதிரவைக்கும் இனிப்பு ஒயினான வின்சாண்டோவை, சூரிய மறைவைக் காணும் அவசரத்தில் (அது நாள்தோறும் நிகழ்வதுதான்) ஒரே மடக்கில் குடிக்கச் செய்யும் ஏற்பாடுகளும் தவிர்க்கத்தக்கவை.